தொண்டைக்கு அப்புறம் வயிறு

சம்பங்கிக்குப் புத்தகத்தின் மேல் தீராத ஆசை என்று யாராவது சொன்னால் நம்ப வேண்டாம். அவனுக்கு இருந்தது மூச்சுத் தட்டுப்பாடு. ஆசை பின்னால் வந்தது. அதுவும் அழையா விருந்தாளியாக.

தங்கவயலுக்கு ரயில் வருவதற்கு ஏழெட்டு வருஷம் முன்பே குடியாத்தத்துப் பக்கத்திலிருந்து நடந்து வந்து சேர்ந்தவன் அவன். அப்போது வயது இருபது இருக்கும். வந்த அன்று கம்பெனி லைனில் ஒரு மூங்கில் தட்டி வீட்டில் ஆறு பேரோடு ஏழாவது ஆளாக முடங்கினான். மறுநாள் கேஜ் என்கிற இரும்புக் கூண்டில் ஏறிப் பூமிக்குள் போனான். அதற்கப்புறம் சொல்லிக்கொள்ளும்படி அவன் வாழ்க்கையில் நடந்தது இரண்டே இரண்டு. ஒன்று, கங்கம்மாவைக் கட்டிக்கொண்டது. இன்னொன்று, மிஷன்காரர்கள் லைன் கோடியில் நடத்திய பள்ளிக்கூடத்தில் மூன்று வருஷம் எழுத்துக் கற்றுக்கொண்டது. எழுத்துத் தெரிந்தால் டைம் ஆபீசில் உட்கார்ந்த வேலை கிடைக்கும் என்று எவனோ சொன்னதை நம்பித்தான் கற்றுக்கொண்டான். அவன் தடங்கலில்லாமல் வாசிக்கத் தொடங்கியபோது அந்த நாற்காலியில் வேறொருவன் உட்கார்ந்து காலாட்டிக்கொண்டிருந்தான். சம்பங்கி பேசாமல் கீழேயே போனான்.

கீழே அவன் வேலை கல் தள்ளுவது. வெடித்து விழுந்த கல்லை டிரக்கில் அள்ளிப் போட்டு, தண்டவாளத்தில் தள்ளிக்கொண்டு போய், ஷாப்ட் குழி ஓரத்தில் கவிழ்த்துவிட்டுத் திரும்ப வேண்டும். ஆளுக்கு ஒரு ஷிப்டில் பதினாலு டிரக். பத்து வருஷம் தள்ளினான். பதினோராவது வருஷம் உடம்பு மக்கர் பண்ணத் தொடங்கியது. ஏழாவது டிரக்கிலேயே நெஞ்சுக்கூடு சுருங்கி, வாயைத் திறந்து திறந்து காற்றை விழுங்க வேண்டியதாயிற்று. பதினாலு தள்ளாதவன் பெயரை மேஸ்திரி அடித்துவிடலாம். பெயர் போனால் லைன் வீடு போகும். வீடு போனால் அவனும் கங்கம்மாவும் எங்கே போவது என்பது அவனுக்கு நிஜமாகவே தெரியாது.

அந்தச் சமயத்தில் அவனைக் காப்பாற்றியது, தலைப்பாகைக்குள் சுருட்டி வைத்திருந்த ஒரு சந்தைப் பாட்டுப் புத்தகம்.

சுரங்கத்தில் வெடி வைத்தால் உடனே போய்க் கல்லில் கை வைக்க முடியாது. புகை அடங்க முக்கால் மணி நேரம் ஆகும். அதுவரை கூட்டம் முழுவதும் பக்கத்துக் குடைவில் போய்க் குந்திக்கொள்ளும். எட்டுப் பேர். களி தின்பார்கள், வெற்றிலை போடுவார்கள், பிறகு என்ன செய்வதென்று தெரியாமல் ஒருவனோடு ஒருவன் சண்டை பிடிப்பார்கள். ஒரு நாள் சண்டை முற்றி மண்டை உடையும் நிலைக்குப் போனபோது சம்பங்கி புத்தகத்தை எடுத்து மெழுகுவத்தி வெளிச்சத்தில் உரக்க வாசிக்க ஆரம்பித்தான். சண்டை அப்படியே அமுங்கிப்போயிற்று.

மேஸ்திரி கொர்னேலியஸ் வாயைத் திறந்தால் திட்டுவதற்கே திறக்கும் ஆள், ஆனால் நியாயஸ்தர். புகை அடங்கியதும் எழுந்து வேட்டியைத் தட்டிக்கொண்டு தீர்ப்புச் சொன்னார்.

"டேய் சம்பங்கி, நீ எட்டு டிரக்கு தள்ளு, போதும். மிச்சம் ஆறையும் இவுனுங்க தள்ளட்டும். நீ தெனம் படி. ஆனா ரெண்டு சேதி. படிச்சதையே படிக்கக் கூடாது, ரெண்டாந்தபா கெடயாது. இன்னொண்ணு, நடுவுல எதையும் முழுங்கக் கூடாது. போட்டிருக்கறத போட்டிருக்கறாப்புல படிக்கணும்."

சொன்னது ஏழு பேருக்கும். ஆனால் அந்த ஆறு டிரக்கில் நாலைத் தள்ளியது ராஜப்பா. இருபத்துநாலு வயது, உளிக்குச் சம்மட்டி அடிக்கிறவன், கல்யாணமாகி ஒரு கைக்குழந்தை. எழுத்து ஒன்றுகூடத் தெரியாது. ஆனால் வாசிக்கும்போது மெழுகுவத்தியைப் பிடித்துக்கொண்டு சம்பங்கியின் தோளுக்குப் பின்னால் உட்காருவது அவன்தான். ஏடு திருப்புவதும் அவன்தான். வத்தி மட்டும் முறை போட்டு ஒவ்வொருவரும் கம்பெனி தரும் தம் பங்கிலிருந்து ஒரு துண்டு கொடுப்பார்கள்.

பாட்டுப் புத்தகங்கள் மூன்று மாதத்தில் தீர்ந்துபோயின. தீர்ந்தது மட்டுமில்லை, அவர்களுக்கு எல்லாமே ஏற்கெனவே தெரிந்திருந்தது. இவன் ஒரு அடி வாசிப்பதற்குள் நாலு பேர் அடுத்த அடியைப் பாடினார்கள். இவன் வாசித்தது தப்பு என்று வேறு சொன்னார்கள். சம்பங்கிக்குக் கிலி பிடித்தது. புதுப் புத்தகம் இல்லையென்றால் பதினாலு டிரக். அவ்வளவுதான் கணக்கு.

அப்படித்தான் நேசமணியம்மாளிடம் போய் விழுந்தான். அந்தம்மாள் மிஷனின் புத்தகக்காரி. ஐம்பதைத் தாண்டிய விதவை. வாரம் முழுவதும் நந்திதுர்க், மாரிக்குப்பம் என்று லைன் லைனாகப் பையைத் தூக்கிக்கொண்டு அலைவார். ஞாயிற்றுக்கிழமை பிற்பகல் கோரமண்டலில், ரயில் நிற்கும் இடத்துக்கு எதிரே உள்ள புளியமரத்தடியில், வீங்கிய காலை நீட்டிக்கொண்டு உட்கார்ந்திருப்பார். மிஷன் கொடுத்த புத்தகங்கள் பையின் மேல்தட்டில் இருக்கும். அடித்தட்டில் அவராகச் சேர்த்தவை: ஊர் மாற்றிக்கொண்டு போகிறவர்கள் போட்டுவிட்டுப் போனது, செத்தவர் வீட்டில் அடுப்புக்குப் போக இருந்தது, அட்டை போனது, கறையான் ருசி பார்த்தது. அடித்தட்டுப் புத்தகங்களை அவர் விற்பதில்லை. இரவல் கொடுப்பார். திருப்பித் தரும்போது ஒரே ஒரு கேள்வி கேட்பார்.

"எப்படிக் கேட்டாங்க தம்பி?"

அதற்கு ஒழுங்காகப் பதில் சொன்னால்தான் அடுத்தது கிடைக்கும். நன்றாக இருந்தது என்று மழுப்பினால் பையை மூடிவிடுவார். யார் எந்த இடத்தில் சிரித்தான், யார் தூங்கினான், எங்கே வெற்றிலை மெல்லுவது நின்றது என்று சொல்ல வேண்டும். சொன்னதைக் கேட்டுக்கொண்டு, பைக்குள் கையை விட்டுத் துழாவி, போன தடவை கொடுத்ததற்குச் சம்பந்தமே இல்லாத ஒன்றை எடுத்துக் கொடுப்பார்.

அப்படி வந்தவைதான் எத்தனை விதம்! ஒரு ஜமீன் மாளிகையில் நடந்த கொலை. யார் கொன்றது என்று கண்டுபிடிக்கும் கதை. கூட்டம் முதல் நாளே சமையற்காரன்தான் என்று முடிவு கட்டிவிட்டது. கடைசியில் அவன் இல்லை என்று தெரிந்ததும் புத்தகம் பொய் சொல்கிறது என்று இரண்டு நாள் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டார்கள். அப்புறம் ஒரு கப்பல் யாத்திரை. அதில் தண்ணீர் தீர்ந்துபோய் மாலுமிகள் தவித்தபோது கொர்னேலியஸ் தம் தண்ணீர்க் குடுவையை எடுத்து எல்லோருக்கும் ஒரு வாய் கொடுத்தார். நிலக்கடலைச் சாகுபடியைப் பற்றி ஒரு புத்தகம். இதையெல்லாம் யார் கேட்பார்கள் என்று பயந்துகொண்டே பிரித்தான்; கதைக்குக்கூட அவர்கள் அப்படி வாயைப் பொத்திக் கேட்டதில்லை. மாதிரிக் கடிதங்கள் அடங்கிய புத்தகம் ஒன்று: வேலைக்குப் போன மகன் தகப்பனுக்கு எழுதுவது, தம்பி அண்ணனிடம் மன்னிப்புக் கேட்பது. அதைக் கேட்டு இரண்டு பேர் அழுதார்கள். சமையல் புத்தகம் மட்டும் அரைப் பக்கத்தோடு நின்றது. "நெய்யி, முந்திரிப்பருப்புன்னு இன்னொரு வார்த்த சொன்ன, ஒன்ன அடிச்சிப் போட்டுடுவேன்" என்றார் மேஸ்திரி. அவர் கையில் அப்போது ஆறிப்போன களி உருண்டை இருந்தது.

வானத்து நட்சத்திரங்களைப் பற்றிய புத்தகம்தான் சம்பங்கியைக் கவிழ்த்தது. ஆயிரத்து முந்நூறு அடிக்குக் கீழே, தலைக்கு மேல் ஈரப் பாறையை வைத்துக்கொண்டு, ஒவ்வொரு நட்சத்திரமும் ஒரு சூரியன் என்று வாசித்தபோது அவனுக்கே உடம்பு சிலிர்த்தது. அன்றிலிருந்து டிரக்குக்காக இல்லாமல் தனக்காகவும் அடுத்த புத்தகத்தை நினைக்க ஆரம்பித்தான். நினைத்து என்ன பயன்? ஆசை மேலே இழுத்தது, உடம்பு கீழே இழுத்தது. கோரமண்டலுக்கு இரண்டு மைல் நடக்க முன்பெல்லாம் ஒரு மூச்சு போதும். இப்போது நாலு இடத்தில் குந்திக் குந்திப் போக வேண்டியிருந்தது. போகிற வழியிலேயே பேசாமல் படுத்துவிடலாமா என்று தோன்றும்.

"ஒரு ஞாயித்துக்கெழம வூட்ல கெடந்தா இன்னா?" என்பாள் கங்கம்மா. "அந்தப் பொஸ்தகம் ஒன்ன மெதிச்சிக்கினு மேலயே ஏறிக்கினு போவுது."

"கெடந்தா திங்கக்கெழம எவன் தள்ளுவான்?" என்பான் சம்பங்கி. அவளும் மேலே கல் பொறுக்கும் வேலைக்குப் போகிறவள். கணக்கு அவளுக்கும் தெரியும்.

இப்படி ஒரு வருஷம் ஓடியது. பிறகு வந்தது அந்த வைத்தியப் புத்தகம்.

பௌரிங்பேட்டையில் ஒரு கம்பவுண்டர் பிளேக்கில் செத்துப்போனார். அவர் பெட்டியிலிருந்து வந்தது என்றார் நேசமணியம்மாள். கனத்த புத்தகம். சீமை வைத்தியர் யாரோ எழுதி, தமிழில் யாரோ பெயர்த்தது. "நான் படிச்சுப் பார்க்கலை, தம்பி. கண்ணு இப்போ சின்ன எழுத்தைப் பிடிக்கிறதில்லை. ஆனா பிரயோஜனமா இருக்கும்" என்று சொல்லிக் கொடுத்தார். தலைப்பாகைக்குள் அடங்கவில்லை. சம்பங்கி அதைச் சோற்று மூட்டையோடு கட்டிக்கொண்டு இறங்கினான். ஷிப்ட் முடிந்து மேலே வரும்போது, தங்கம் ஒளித்திருக்கிறானா என்று சோதனைக் கொட்டகையில் அதைத் தலைகீழாகப் பிடித்து உதறுவார்கள். தினமும் உதறி உதறி நாலாம் நாளே தையல் விட்டுப்போயிற்று.

அந்தப் புத்தகம் அடித்த அடியைப் போல் எந்தக் கதையும் அடித்ததில்லை. தலையில் ஆரம்பித்துக் கால்வரை உடம்பை வரிசையாக எழுதியிருந்தார்கள். முதலில் தலைவலி, பொடுகு, பேன். பிறகு கண். பிறகு காது. காதில் வெடிச்சத்தம் ரீங்காரமிடுவதற்குச் சொன்ன எண்ணெயை மூன்று பேர் போட்டுப் பார்த்துக் குணம் தெரிகிறது என்றார்கள். பல்வலிக்குச் சொன்ன கிராம்பால் மேஸ்திரியே இரண்டு நாள் யாரையும் திட்டாமல் இருந்தார். ஒவ்வொரு நாளும் வாசிப்பு முடிந்ததும் எவனாவது ஒருத்தன் கேட்பான்: "நெஞ்சு எப்ப வரும்?"

எட்டுப் பேருக்கும் இருமல். எட்டுப் பேரும் அதற்கு மட்டும்தான் காத்திருந்தார்கள்.

"பல்லு ஆச்சி, நாக்கு ஆச்சி. அடுத்தது தொண்ட, அப்பறம் நெஞ்சுதான்" என்று ராஜப்பா விரல் விட்டு எண்ணுவான். "எனக்கு ஒண்ணுமில்ல. காத்தால எந்திரிச்சா வறட்டு இருமலு, அவ்ளோதான். பொகையில போடற கசப்பு. அண்ணாவுக்குத்தான் சொல்றேன்."

சம்பங்கி முன்கூட்டிப் படிக்கிற வழக்கமில்லாதவன். முன்னாலேயே தெரிந்துவிட்டால் வாசிக்கும் குரலில் உயிர் இருக்காது என்பது அவன் கண்ட உண்மை. ஆனால் தொண்டை முடியும் தறுவாயில் ஒரு ஞாயிற்றுக்கிழமை அவனால் பொறுக்க முடியவில்லை. கங்கம்மா தண்ணீருக்குப் போயிருந்தாள். வாசலில் உட்கார்ந்து, வெயிலில் புத்தகத்தை விரித்து, மார்பு என்ற தலைப்பைத் தேடிப் பிடித்தான். சளி இருந்தது, ஜுரம் இருந்தது. பிறகு ஒரு பக்கம் முழுக்கக் கல்தூளால் வரும் நோயைப் பற்றி இருந்தது. அதை ஒரு தடவை வாசித்தான். மூடி வைத்துவிட்டு, வெகு நேரம் தெருவைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தான்.

தண்ணீர்க் குடத்தோடு வந்த கங்கம்மா, "இன்னா, மூஞ்சி இப்டி செத்துக் கெடக்குது?" என்றாள்.

"ஒண்ணுமில்ல. வெயிலு."

மறுநாள் புகை அடங்கக் காத்திருந்தபோது தொண்டையின் கடைசிப் பக்கத்தை வாசித்து முடித்தான். ராஜப்பா ஏடு திருப்பக் கையை நீட்டுவதற்குள் சம்பங்கியே விரலை எச்சில் பண்ணி, நாலைந்து ஏட்டைச் சேர்த்துத் தள்ளி, அடுத்ததை ஆரம்பித்தான்: "வயிறு. அஜீரணத்தின் குறிகளாவன..."

அவன் செய்ததிலேயே பெரிய அசட்டுத்தனம் அதுதான். எழுத்துத் தெரியாதவர்களுக்கு ஏடு தாண்டியது தெரியாது என்று நினைத்தான். ஒவ்வொருவனும் தன் தொண்டையையும் வயிற்றையும் கூடவே கொண்டுவந்து உட்கார்ந்திருக்கிறான் என்பது அவனுக்குத் தோன்றவே இல்லை.

அஜீரணம் ஒரு பத்தி ஓடியிருக்கும். ராஜப்பா வத்தியைக் கொஞ்சம் தள்ளிப் பிடித்தான்.

"இன்னாண்ணா இது? தொண்டைக்கு அப்பறம் வவுறா? நடுவுல இருக்கறது எங்க போச்சி?"

"இந்தப் பொஸ்தகத்துல அது இல்ல" என்றான் சம்பங்கி.

"ஏட்ட சேத்துத் தள்ளினியே. நான் பாத்தேன்."

ஏழு பேரும் அவனையே பார்த்தார்கள். சம்பங்கிக்கு வாயில் பொய்யும் வரவில்லை, நிஜமும் வரவில்லை. இருமல்தான் வந்தது. அவன் இருமி முடிக்கும்வரை மேஸ்திரி காத்திருந்தார்.

"சரிதான்" என்றார். "நல்ல வைத்தியம் எதுவோ போட்டிருக்கான். அத்த இவன் மட்டும் பண்ணிக்கினு தேறப் போறான். தேறட்டும். நல்லா தேறி, நாளையிலருந்து பதினாலையும் அவனே தள்ளட்டும்."

அதற்குச் சம்பங்கி பதில் சொல்லியிருக்கலாம். அவர்கள் மனசு நோகக் கூடாதென்று மறைத்தேன் என்று சொல்லியிருக்கலாம். பாதி நிஜம் அது. மீதிப் பாதி அவனுக்கு மட்டும் தெரியும். அந்தப் பக்கத்தைக் கேட்டால் ஒருவன் வேலையை விட்டுப் போவான், போகத்தான் வேண்டும். அந்த ஒருவன்தான் இவனுடைய நாலு டிரக்கைத் தள்ளுகிறவன். ஞாயிற்றுக்கிழமை வெயிலில் உட்கார்ந்து அவன் நினைத்துக்கொண்டிருந்தது இதைத்தான். நினைத்ததற்காக அவனுக்கே அவனைப் பிடிக்கவில்லை. ஆனாலும் நினைத்தான்.

செவ்வாய்க்கிழமை பதினோரு டிரக் தள்ளினான். புதன்கிழமை ஒன்பது. கண் இருட்டிக்கொண்டு வந்தது. இனி ஒரு அடி வைத்தாலும் உயிர் போய்விடும் என்று தோன்றும், ஆனால் போகாது. வாசிப்பு நின்றுபோனதால் குடைவில் பழையபடி சண்டை ஆரம்பித்திருந்தது. வியாழக்கிழமை பத்தாவது டிரக்கோடு முழங்கால் மடங்கித் தண்டவாளத்தில் உட்கார்ந்துவிட்டான். யாரையும் கூப்பிடவில்லை, கூப்பிட மூச்சு இல்லை. பின்னால் காலடிச் சத்தம் கேட்டது. ராஜப்பா வந்து டிரக்கில் தோளைக் கொடுத்தான். அவன் கோபம் தீரவில்லை என்பது முதுகைப் பார்த்தாலே தெரிந்தது. கோபத்தோடேயே தள்ளிக்கொண்டு போனான். போகப் போக இருளுக்குள்ளிருந்து அவனுடைய வறட்டு இருமல் மட்டும் கேட்டது.

ஞாயிற்றுக்கிழமை கோரமண்டலுக்கு நடந்தான். இந்தத் தடவை ஆறு இடத்தில் குந்த வேண்டியிருந்தது. நேசமணியம்மாள் வழக்கமான கேள்வியைக் கேட்டார். சம்பங்கி எல்லாவற்றையும் சொன்னான், தன்னுடைய மீதிப் பாதி உட்பட. பிறகு அந்தப் பக்கத்தைப் பிரித்து அவரிடம் கொடுத்தான். அவர் புத்தகத்தை மூக்கருகில் பிடித்துக்கொண்டு மெதுவாக, உதடு அசைய, கடைசிவரை வாசித்தார்.

"உங்களுக்கு என்ன வயசு, தம்பி?"

"முப்பத்திரண்டு, முப்பத்திமூணு இருக்கும்மா."

அந்தம்மாள் புத்தகத்தை மூடினார். பிறகு பையின் அடித்தட்டிலிருந்து ஒரு தடித்த புத்தகத்தை எடுத்தார். "ரெண்டு ராஜகுமாரிங்க கதை. அட்டை முதல்கொண்டு அப்படியே இருக்கு. ஆறு மாசத்துக்கு வரும். இதைக் கேட்டா எல்லாக் கோபமும் போயிடும். வைத்தியப் புத்தகத்தை என்கிட்டயே விட்டுட்டுப் போங்க. புத்தகத்தைத் திருப்பிக் கேட்டுட்டாங்கன்னு சொல்லுங்க."

சம்பங்கி அந்தக் கதைப் புத்தகத்தைக் கையில் வாங்கினான். முதல் வரியை வாசித்தான். நல்ல கதைதான், முதல் வரியிலேயே தெரிந்துவிட்டது. ஆறு மாதம் என்றால் ஆறு மாதத்துக்கு எட்டே டிரக். ராஜப்பா நாளைக்கே சிரித்துக்கொண்டு வத்தி பிடிப்பான். அப்படி நினைக்கும்போதே அந்த இருமலும் காதில் விழுந்தது. அலுத்துப்போன மனுஷனுக்கு யோக்கியனாக இருப்பதும் ஒரு சுமைதான். எரிச்சலோடுதான் அந்தப் புத்தகத்தைத் திருப்பி நீட்டினான்.

"இது இருக்கட்டும்மா. அத்தயே குடுங்க. முடிக்காம வேற எடுத்தா ஒழுங்கில்ல."

திங்கட்கிழமை வெடி வைத்துவிட்டுக் குடைவுக்குள் வந்ததும் யாரும் அவனிடம் எதுவும் கேட்கவில்லை. சம்பங்கியே மூட்டையை அவிழ்த்து, புத்தகத்தை எடுத்து, மார்பைப் பிரித்து வைத்துக்கொண்டான். "வத்தி" என்றான். ராஜப்பா தயங்கிவிட்டு வந்து பின்னால் உட்கார்ந்தான்.

"கல்தூளால் உண்டாகும் மார்பு நோய். இது சீமையிலே தகரச் சுரங்கங்களில் வேலை செய்வோரிடத்து மிகுதியாய்க் காணப்படும்..."

"நில்லு, நில்லு" என்றார் மேஸ்திரி. "நம்மள மேய்க்கற கேப்டன் தொரைங்க ஊரு அதானே? தகரச் சொரங்கத்துக்காரங்கதான் அவுங்க. அவுங்களுக்குமா இது?"

"போட்டிருக்கு, மேஸ்திரி."

"படி."

"நுண்ணிய கல்தூள் சுவாசத்தோடு உட்சென்று நுரையீரலில் படியும். முதற்பருவத்திலே, காலையில் எழுந்தவுடன் வறட்டிருமல் தோன்றும். நோயாளி இதைப் புகையிலையின் குற்றமென்பான்."

வத்தி வெளிச்சம் லேசாக ஆடியது. ஒருவரும் திரும்பிப் பார்க்கவில்லை.

"இரண்டாம் பருவத்திலே, ஏற்றத்தில் ஏறுகையில் மூச்சிரைக்கும். பசி குறையும். தோள்கள் முன்னோக்கிக் குறுகும்."

"இது நானு" என்றார் கொர்னேலியஸ். சோதனைக் கொட்டகையில் பெயர் கூப்பிட்டதற்குப் பதில் சொல்வது போலச் சாதாரணமாகத்தான் சொன்னார். அவருக்குப் பக்கத்தில் இருந்தவன், "நானுந்தான்" என்றான். இன்னொருவன் கையை மட்டும் தூக்கினான்.

"மூன்றாம் பருவத்திலே..." சம்பங்கி நின்றான். மூச்சு வாங்கினான். "மூன்றாம் பருவத்திலே நோயாளி ஒரு வாக்கியத்தைப் பேசி முடிக்க..." மறுபடி நின்றான். "இரண்டு தரம் நிற்பான்."

அவன் யாரென்று யாரும் சொல்லவில்லை. சொல்ல வேண்டிய அவசியமில்லை.

"வைத்தியத்த படி" என்றார் மேஸ்திரி.

"முதற்பருவத்திலேயே இத்தொழிலை விட்டு நீங்கினவன் பிழைப்பான். மற்றவர்க்கு மருந்து நாமறிந்தமட்டும் இல்லை. ஆறுதல் சொல்லுதல் வைத்தியன் கடமை."

புகை எப்போதோ அடங்கிவிட்டது. எழுந்துபோய்க் கல் அள்ள வேண்டும். ஒருவரும் எழவில்லை. தூரத்தில் வேறொரு மட்டத்துக் குடைவில் வெடித்தது. காலுக்குக் கீழே தரை அதிர்ந்தது.

"எத்தினி பொஸ்தகம் படிச்ச, சம்பங்கி" என்றார் கொர்னேலியஸ் கடைசியில். "ராசா வந்தான், கப்பல்காரன் வந்தான், நட்சத்திரம் வந்துச்சி. நாம எதுலயும் வரலியே, இன்னாடா இதுன்னு நானும் பாத்துக்கினே இருந்தேன். இதுல வந்துட்டோம்." தொண்டையைக் காறித் துப்பினார். "ரெண்டாந்தபா கெடயாதுன்னு சொன்னவன் நான்தான். பரவால்ல. இன்னொரு தபா படி."

சம்பங்கி மறுபடி வாசித்தான். செவ்வாய்க்கிழமையும் அதையே கேட்டார்கள், புதன்கிழமையும். ஒவ்வொரு தடவையும் அவனவன் பருவம் வந்ததும் அவனவன் தலையசைத்தான். புதுப் புத்தகம் தேடி அலைய வேண்டாத வாரம் ஒன்று தனக்கு வாய்க்காதா என்று சம்பங்கி எத்தனையோ நாள் ஏங்கியதுண்டு. வாய்த்துவிட்டது, என்ன சுகம் கண்டான்? தன் சாவைத் தன் வாயாலேயே தினம் ஒரு தரம் வாசித்தான். ஆறு டிரக்கையும் அவர்கள் பழையபடி தள்ளினார்கள். நாலு ராஜப்பா. வத்தியையும் அவன்தான் அசையாமல் பிடித்துக்கொண்டிருந்தான். வெள்ளிக்கிழமை முதற்பருவம் முடிந்ததும், "அத்த மட்டும் இன்னொரு தபா சொல்லுண்ணா" என்றான். சம்பங்கி சொன்னான்.

சனிக்கிழமை ராஜப்பா ஷிப்டுக்கு வரவில்லை. அவன் வீட்டுக் கதவு திறந்து கிடந்தது; உள்ளே அடுப்புக்கல் மூன்றும்தான் இருந்தன. விடியற்கால ரயிலில் பெண்சாதியும் குழந்தையுமாக ஏறியதைப் பக்கத்து வீட்டுக்காரி பார்த்திருக்கிறாள். எங்கே என்று சொல்லிக்கொள்ளவில்லை. வத்தியைக் களிமண் வைத்துப் பாறையில் ஒட்டிக்கொண்டு சம்பங்கி அன்றைக்கு வாசித்தான். அன்றைக்குப் பத்து டிரக் தள்ள வேண்டியிருந்தது. மற்றவர்களால் முடிந்தது நாலுதான். ஒன்பதாவதைக் கவிழ்த்தபோது வாயில் ரத்தத்தின் உப்புக் கரித்தது.

ஞாயிற்றுக்கிழமை கோரமண்டலுக்கு வந்து சேர்ந்தபோது ரயில் போய்விட்டிருந்தது. நேசமணியம்மாளுக்கு எதிரே உட்கார்ந்து, பேச்சு வரும்வரை கையை ஆட்டிக் காத்திருக்கச் சொன்னான். அவரும் காத்திருந்தார். பிறகு அவன் புத்தகத்தை அவர் மடியில் வைத்தான்.

"எப்படிக் கேட்டாங்க, தம்பி?"

"ஒருத்தன் போயிட்டாம்மா."

அந்தம்மாள் கண்ணை மூடிச் சிலுவை போடுவது போல் மார்பில் கை வைத்தார். "யாரு? ஐயோ, செத்தா போயிட்டான்?"

"இல்லம்மா" என்றான் சம்பங்கி. ஒரு தரம் மூச்சு வாங்கினான், இன்னொரு தரம் வாங்கினான். "பொழச்சிப் போயிட்டான்."

பிறகு பையைப் பார்த்துக் கையை நீட்டினான். "அந்த ராஜகுமாரிங்கள குடுங்க. நாளைக்கிப் படிக்கணும்."